சாலை விபத்தில் உயிரிழந்தவரின் குடும்பத்திற்கு இழப்பீடு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இந்தியாவில் சாலை விபத்து இழப்பீடு 1988-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்தின்படி வழங்கப்படுகிறது. இழப்பீடு தொடர்பான அத்தியாயங்களை 2019-ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம் பெரிதும் மாற்றியது. அந்த மாற்றங்கள் 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ளன. கீழே உள்ள பதில்கள் அந்தத் தேதிக்குப் பிந்தைய விபத்துகளுக்கானவை. நடைமுறை பற்றிய குறிப்புகள் தமிழ்நாட்டை ஒட்டியவை.

தொடங்கும் முன் ஒன்றைச் சொல்லிவிடுவது நல்லது. எவ்வளவு தொகை என்பதை நீதிமன்றங்கள் இன்று ஏறக்குறைய ஒரு வாய்ப்பாட்டின்படியே கணக்கிடுகின்றன. ஒரே வயது, ஒரே வருமானம் உள்ள இருவரின் குடும்பங்களுக்கு வெவ்வேறு தொகை கிடைக்கிறது என்றால், அதற்குக் காரணம் பெரும்பாலும் விபத்து நடந்த முதல் சில வாரங்களில் சேர்ந்த, அல்லது சேராமல் போன காகிதங்கள்தாம்.

முதலமைச்சர் அறிவிக்கும் நிவாரண நிதியும் இந்த இழப்பீடும் ஒன்றுதானா?

இல்லை. பெரிய விபத்துகளின்போது அரசு அறிவிக்கும் நிவாரணம் அரசின் விருப்பத்தைப் பொறுத்தது. அதைக் கேட்டுப் பெறும் உரிமை யாருக்கும் இல்லை. இழப்பீடு என்பது விபத்துக்குக் காரணமான வாகனத்தின் ஓட்டுநர், உரிமையாளர், அந்த வாகனத்துக்குக் காப்பீடு வழங்கிய நிறுவனம் ஆகியோரிடமிருந்து சட்டப்படி கேட்டுப் பெறுவது. நிவாரணத் தொகையை வாங்கிக்கொண்டதால் இழப்பீடு கேட்கும் உரிமை போய்விடும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

யார் மனு செய்யலாம்?

இறந்தவரின் சட்டப்படியான பிரதிநிதிகள் அனைவரும் மனு செய்யலாம். மனைவி அல்லது கணவர், பிள்ளைகள், பெற்றோர் ஆகியோரைப் பற்றி ஐயமே இல்லை. மணமான மகளும், சொந்தமாகச் சம்பாதிக்கும் மகனும்கூட மனு செய்யலாம் என்றும், இறந்தவரோடு ஒரே வீட்டில் அவரைச் சார்ந்து வாழ்ந்த மாமியாரும் பிரதிநிதியே என்றும் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. சார்ந்திருந்தவர்கள் யார் என்பது தொகையின் அளவைத்தான் மாற்றும்.

எல்லோரும் ஒரே மனுவில் சேர வேண்டும். யாராவது கையெழுத்திட மறுத்தால் அவரை எதிர்மனுதாரராகச் சேர்த்து மனுவைத் தாக்கல் செய்யலாம். மாமியாருக்கும் மருமகளுக்கும் பேச்சு வார்த்தை இல்லாத வீடுகளில் இப்படித்தான் செய்கிறார்கள். அதனால் வழக்குக்குப் பாதிப்பில்லை. மனுவை விசாரிக்கும் மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயமே பங்கைப் பிரித்துத் தரும்.

மனைவி மறுமணம் செய்துகொண்டால் அவருடைய உரிமை போய்விடுமா?

போகாது. உரிமை விபத்து நடந்த நாளிலேயே தோன்றிவிடுகிறது. பின்னர் நடக்கும் மறுமணம் அதைப் பறிப்பதில்லை என்று பல உயர் நீதிமன்றங்கள் கூறியுள்ளன.

முதல் சில வாரங்களில் எந்தெந்த ஆவணங்களைச் சேர்க்க வேண்டும்?

முதலில் முதல் தகவல் அறிக்கை. புகாரைப் பெற்றுக்கொண்டதற்குக் காவல் நிலையத்தில் தரும் சி.எஸ்.ஆர். ரசீதோடு திருப்தியடைந்து திரும்பிவிடக் கூடாது. குற்ற எண் இட்ட முதல் தகவல் அறிக்கையின் நகலைக் கேட்டு வாங்க வேண்டும். புகார் தாமதமானால், அது ஏன் தாமதமானது என்பதைப் புகாரிலேயே எழுதிவிடுவது நல்லது. ஈமச் சடங்குகளுக்குப் பிறகு புகார் கொடுத்தோம் என்பது நியாயமான காரணம்தான். ஆனால் அது எழுத்தில் இல்லாவிட்டால், பின்னாளில் வாகனத்தைத் திட்டமிட்டுச் சேர்த்தார்கள் என்று காப்பீட்டு நிறுவனம் வாதாடும்.

அடுத்தது, பலரும் கவனிக்காமல் விட்டுவிடும் விபத்துப் பதிவேடு. மருத்துவமனையின் அவசரப் பிரிவில் காயமடைந்தவரைக் கொண்டுவந்ததும் பணி மருத்துவர் எழுதும் பதிவு இது. நீதிமன்ற வட்டாரத்தில் ஏ.ஆர். காப்பி என்பார்கள். எந்த வாகனத்தால், எந்த இடத்தில், எத்தனை மணிக்கு என்பதை அழைத்து வந்தவர் சொல்வதைக் கேட்டு மருத்துவர் எழுதுவார். அழைத்து வந்தவர் வழிப்போக்கராக இருக்கலாம். பதற்றத்தில் "வண்டியில இருந்து விழுந்துட்டார்" என்று மட்டும் சொல்லியிருக்கலாம். அந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு, வேறு வாகனம் மோதவே இல்லை, தானாகவே விழுந்தார் என்று எதிர்த்தரப்பு வாதிடும். அந்த நகலை முன்கூட்டியே வாங்கிப் படித்துவிட்டால், நேரில் பார்த்த சாட்சியைத் தேடவும், காவல்துறை விசாரணையில் உண்மையைப் பதிவு செய்யவும் நேரம் இருக்கும். விபத்து நடந்த இடத்துக் கடைகளின் கண்காணிப்புக் கேமராக்களில் பதிவுகள் சில நாள்களில் தாமாக அழிந்துவிடும் என்பதால், அவற்றைக் கைப்பற்றும்படி விசாரணை அதிகாரியிடம் உடனே எழுத்துமூலம் கேட்க வேண்டும்.

இவற்றோடு உடற்கூறாய்வு அறிக்கை, பார்வை மகஜர் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்துக் காவல்துறை எழுதும் குறிப்பு), அந்த இடத்தின் மாதிரி வரைபடம், மோட்டார் வாகன ஆய்வாளரின் அறிக்கை, எதிர் வாகனத்தின் பதிவுச் சான்று, காப்பீட்டுப் பத்திரம், ஓட்டுநர் உரிமம், பின்னர் தாக்கலாகும் குற்றப்பத்திரிகை ஆகியவற்றின் நகல்கள் வேண்டும். குடும்பத்தின் தரப்பில் இறப்புச் சான்றிதழ், வட்டாட்சியர் வழங்கும் வாரிசுச் சான்றிதழ், ஆதார், வங்கிக் கணக்குப் புத்தகம், இறந்தவரின் வயதுக்கான சான்று, வருமானத்துக்கான சான்று ஆகியவை தேவை. வயதுச் சான்றை அலட்சியமாக நினைக்கக் கூடாது. 50 வயதுக்கும் 51 வயதுக்கும் இடையில் தொகை சட்டென்று இறங்கும் என்பதைக் கீழே காணலாம்.

காவல்துறையே தீர்ப்பாயத்துக்கு அறிக்கை அனுப்பும் என்கிறார்களே, அப்படியானால் தனி மனு எதற்கு?

விதிகளின்படி விசாரணை அதிகாரி 48 மணி நேரத்துக்குள் முதல் விபத்து அறிக்கையையும், 50 நாள்களுக்குள் இடைக்கால அறிக்கையையும், 90 நாள்களுக்குள் விரிவான விபத்து அறிக்கையையும் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். விரிவான அறிக்கையையே இழப்பீட்டு மனுவாகத் தீர்ப்பாயம் எடுத்துக்கொள்ளலாம். இந்த விதிகளைக் கண்டிப்பாகப் பின்பற்ற வேண்டும் என்று 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது. ஏட்டில் இது நல்ல ஏற்பாடு. ஆனால் அறிக்கை குறித்த காலத்தில் போய்ச் சேர்ந்ததா என்பதைக் குடும்பத்தினர் விசாரித்துக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது; அதை நம்பி மனுவைத் தாக்கல் செய்யாமல் இருப்பது சரியல்ல.

எத்தனை நாள்களுக்குள் மனு செய்ய வேண்டும்?

விபத்து நடந்த நாளிலிருந்து ஆறு மாதங்களுக்குள். 1994 முதல் 2022 வரை கால வரம்பே இல்லாமல் இருந்ததால், எப்போது வேண்டுமானாலும் வழக்குப் போடலாம் என்ற பழைய எண்ணம் இன்னும் பரவலாக இருக்கிறது. அது இப்போது ஆபத்தான எண்ணம். இந்தக் கால வரம்பை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் வழக்குகள் தொடுக்கப்பட்டிருக்கின்றன. எனவே ஆறு மாதம் கடந்துவிட்ட குடும்பங்களும் எல்லாம் முடிந்துவிட்டது என்று விட்டுவிடாமல் வழக்கறிஞரிடம் கேட்க வேண்டும். கடக்காதவர்கள் அந்த வழக்குகளை நம்பிக் காத்திருக்கக் கூடாது.

எந்த ஊரில் மனு செய்வது?

விபத்து நடந்த இடம், மனுதாரர் வசிக்கும் அல்லது தொழில் செய்யும் இடம், எதிர்மனுதாரர் வசிக்கும் இடம் ஆகிய மூன்றில் ஏதேனும் ஒன்றில் உள்ள மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் செய்யலாம். கிருஷ்ணகிரி அருகே நெடுஞ்சாலையில் இறந்தவரின் மனைவி திருநெல்வேலியில் இருந்தால், திருநெல்வேலியிலேயே மனு செய்யலாம். சென்னையில் சிறு வழக்குகள் நீதிமன்றம் இந்த வழக்குகளை விசாரிக்கிறது. வழக்குக்கு எம்.சி.ஓ.பி. (மோட்டார் விபத்து இழப்பீட்டு மனு என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்று தொடங்கும் எண் தரப்படும். அதன் பிறகு எல்லா இடங்களிலும் அந்த எண்ணைத்தான் கேட்பார்கள்.

தொகை எப்படிக் கணக்கிடப்படுகிறது?

சரளா வர்மா வழக்கில் 2009-இலும், பிரணய் சேத்தி வழக்கில் 2017 அக்டோபர் 31 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்விலும் உச்ச நீதிமன்றம் வகுத்த முறையே நாடெங்கும் பின்பற்றப்படுகிறது. ஓர் எடுத்துக்காட்டோடு பார்த்தால் எளிதில் விளங்கும்.

34 வயதுக் கொத்தனார் ஒருவர் இறந்துவிடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். மாத வருமானம் 15,000 ரூபாய் எனத் தீர்ப்பாயம் ஏற்கிறது. மனைவி, இரு பிள்ளைகள், தாய் என நால்வர் அவரைச் சார்ந்திருந்தனர். ஆண்டு வருமானம் 1,80,000 ரூபாய். அவர் உயிரோடு இருந்திருந்தால் கூலி உயர்ந்துகொண்டே போயிருக்கும் என்பதால் எதிர்கால வளர்ச்சிக்கென ஒரு விழுக்காடு சேர்க்கப்படும். சொந்தத் தொழில் செய்பவருக்கும், ஆண்டு ஊதிய உயர்வு இல்லாத நிலையான சம்பளக்காரருக்கும் 40 வயதுக்குக் கீழ் 40 சதவீதம், 40 முதல் 50 வரை 25 சதவீதம், 50 முதல் 60 வரை 10 சதவீதம். நிரந்தர வேலையில் இருப்பவருக்கு இவை முறையே 50, 30, 15 சதவீதம். கொத்தனாருக்கு 40 சதவீதம் சேர்த்தால் 2,52,000 ரூபாய்.

இதில் அவர் தமக்கெனச் செலவழித்திருக்கக்கூடியது கழிக்கப்படும். சார்ந்திருப்போர் இருவர் அல்லது மூவர் எனில் மூன்றில் ஒரு பங்கும், நால்வர் முதல் அறுவர் எனில் நான்கில் ஒரு பங்கும், அதற்கு மேல் ஐந்தில் ஒரு பங்கும், மணமாகாதவர் எனில் பொதுவாகப் பாதியும் கழிக்கப்படும். இங்கே நான்கில் ஒரு பங்கு கழிந்து 1,89,000 ரூபாய் மிஞ்சுகிறது. இதை வயதுக்குரிய பெருக்கியால் பெருக்க வேண்டும். 25 வயது வரை 18. 26 முதல் 30 வரை 17. 31 முதல் 35 வரை 16. 36 முதல் 40 வரை 15. 41 முதல் 45 வரை 14. 46 முதல் 50 வரை 13. 51 முதல் 55 வரை 11. 56 முதல் 60 வரை 9. 61 முதல் 65 வரை 7. அதற்கு மேல் 5. ஆக 16-ஆல் பெருக்கினால் 30,24,000 ரூபாய்.

இதன் மேல் மரபுசார்ந்த தலைப்புகளில் சில தொகைகள் சேரும். பிரணய் சேத்தி தீர்ப்பு உடைமை இழப்புக்கு (இறந்தவர் சேர்த்து வைத்திருக்கக்கூடியதை இழந்ததற்கு) 15,000, ஈமச் செலவுக்கு 15,000, துணையையும் அரவணைப்பையும் இழந்ததற்கு 40,000 என்று நிர்ணயித்து, மூன்று ஆண்டுகளுக்கு ஒருமுறை 10 சதவீதம் உயர்த்தச் சொன்னது. அதன்படி 2023-க்குப் பிறகு இவை 18,150, 18,150, 48,400 எனக் கணக்கிடப்படுகின்றன. அரவணைப்பு இழப்பு மனைவிக்கு மட்டும் உரியதன்று. பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும் தனித்தனியே உண்டு என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. நால்வருக்கும் சேர்த்து 1,93,600. மற்ற இரண்டும் 36,300. மொத்தம் 32,53,900 ரூபாய்.

இறப்பதற்கு முன் மருத்துவமனையில் இருந்திருந்தால் அந்தச் செலவும் ரசீதுகளின்படி சேரும். மனுத் தாக்கல் செய்த நாளிலிருந்து வட்டியும் உண்டு. தமிழ்நாட்டில் பெரும்பாலும் 7.5 சதவீதம் வழங்கப்படுகிறது. மனுவில் கேட்டதைவிடக் கூடுதலாக வழங்கவும் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு.

மணமாகாத மகன் இறந்தால் பெற்றோரின் வயதைக் கொண்டு கணக்கிடுவார்களா?

இறந்தவரின் வயதைத்தான் கொள்ள வேண்டும். 22 வயது மகனுக்குப் பெருக்கி 18. பெற்றோர் முதியவர்கள் என்று சொல்லிக் குறைந்த பெருக்கியைக் காட்டி யாராவது சமரசம் பேசினால் ஏற்க வேண்டியதில்லை.

வருமானச் சான்றே இல்லாதவருக்கு என்ன செய்வது?

கூலித் தொழிலாளிக்கும் தள்ளுவண்டிக்காரருக்கும் சம்பளச் சீட்டு இருக்காது என்பது நீதிமன்றங்களுக்குத் தெரியும். 2008-இல் நடந்த ஒரு விபத்தில் காயமடைந்த காய்கறி வியாபாரிக்கு எந்தச் சான்றும் இல்லாமலே மாதம் 6,500 ரூபாய் வருமானம் என்று உச்ச நீதிமன்றம் ஏற்றது. அதை ஓர் அளவுகோலாக வைத்து, பிந்தைய ஆண்டுகளுக்கு விலைவாசிக்கேற்ப உயர்த்திக் கணக்கிடுவது சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்கம். அரசு அறிவிக்கும் குறைந்தபட்சக் கூலியும் துணைக்கு வரும். ஆனால் அதுவே உச்ச வரம்பு அல்ல. இருப்பினும் வெறுங்கையோடு போவதைவிட, நலவாரிய அடையாள அட்டை, வேலை கொடுத்த மேஸ்திரி அல்லது ஒப்பந்தக்காரரின் சாட்சியம், கைப்பேசிப் பணப் பரிமாற்றங்களின் வங்கிப் பதிவு, குழுக் கடன் தவணை கட்டிய அட்டை ஆகியவற்றில் எது இருந்தாலும் கொண்டுபோவது நல்லது. வருமானத்தில் மாதம் ஆயிரம் ரூபாய் கூடினால், மேலே சொன்ன கொத்தனாரின் குடும்பத்துக்கு மொத்தத்தில் 2,01,600 ரூபாய் கூடும்.

இல்லத்தரசி இறந்தால் வருமானம் இல்லை என்று சொல்லிவிடுவார்களா?

சொல்ல முடியாது. வீட்டு வேலைக்குப் பொருளாதார மதிப்பு உண்டு என்பதும், அதற்கு ஒரு வருமானத்தை மதிப்பிட்டு எதிர்கால வளர்ச்சியையும் சேர்க்க வேண்டும் என்பதும் 2021 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்திய சட்டம். மனுவில் "வேலை இல்லை" என்று எழுதிவிடுவதுதான் இங்கே நடக்கும் பெரிய தவறு. சமையல், பிள்ளை வளர்ப்பு, முதியவர் பராமரிப்பு, ஆடு மாடு, வயல் வேலை, வீட்டிலிருந்தே செய்த தையல் என்று அவர் செய்ததையெல்லாம் எழுத வேண்டும். குழந்தைகள் இறந்த வழக்குகளிலும் ஒரு வருமானத்தை மதிப்பிட்டே தொகை வழங்கப்படுகிறது.

இறந்தவர் மீதும் தவறு இருந்தால்?

அவருடைய பங்குக்கேற்பத் தொகை குறையும். கால் பங்கு தவறு என்று தீர்ப்பாயம் கண்டால் 32 லட்சம் 24 லட்சமாகும். ஆனால் அந்தத் தவறு விபத்துக்குக் காரணமாக இருந்திருக்க வேண்டும். இறந்தவரிடம் உரிமம் இல்லை என்பது மட்டுமே அவர் கவனக்குறைவாக ஓட்டினார் என்பதற்குச் சான்றாகாது. தலைக்கவசம் அணியாததற்காகச் சில தீர்ப்பாயங்கள் ஒரு பகுதியைக் கழிக்கின்றன; தலையில் காயமே இல்லாத இறப்பில் அந்தக் கழிவை எதிர்க்க வேண்டும். இரண்டு வாகனங்கள் மோதி மூன்றாமவர் ஒருவர் இறந்தால், இரண்டில் எந்த வாகனத் தரப்பிடமிருந்தும் முழுத் தொகையையும் அவருடைய குடும்பம் பெறலாம். அவர்களுக்குள் பங்கு பிரிப்பது அவர்கள் பாடு.

ஓட்டுநர் குற்றவியல் வழக்கில் விடுதலையாகிவிட்டால் இழப்பீடு கிடைக்காதா?

கிடைக்கும். குற்றவியல் வழக்கில் ஐயத்துக்கிடமின்றி நிரூபிக்க வேண்டும். தீர்ப்பாயத்தில் எது நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் போதும். குற்றவியல் வழக்கு முடியும்வரை காத்திருக்கவும் தேவையில்லை.

யார் மீது தவறு என்று நிரூபிக்கவே முடியாவிட்டால்?

சட்டத்தின் 164-ஆவது பிரிவின்படி, யார் தவறு என்று பார்க்காமலே உயிரிழப்புக்கு 5 லட்சம் ரூபாய் கேட்கலாம். இதில் ஒரு கண்ணி இருக்கிறது. காப்பீட்டு நிறுவனத்தின் சமரச நடைமுறையில் இந்த 5 லட்சத்தை ஏற்றுக்கொண்டால், முழு இழப்பீடு கேட்டுத் தீர்ப்பாயத்தில் உள்ள மனு காலாவதியாகிவிடும். கருமாதி முடிந்த கையோடு ஒருவர் வந்து, இந்தத் தாளில் கையெழுத்திட்டால் உடனே ஐந்து லட்சம் என்று சொல்லும்போது, கொத்தனாரின் கணக்கை நினைத்துப் பார்க்க வேண்டும்.

மோதிவிட்டு நிற்காமல் போன வாகனம் எது என்றே தெரியவில்லை. என்ன செய்யலாம்?

2022-ஆம் ஆண்டுத் திட்டத்தின்படி உயிரிழப்புக்கு 2 லட்சம் ரூபாய் கிடைக்கும். முன்பு இது 25,000 ரூபாயாக மட்டுமே இருந்தது. விண்ணப்பத்தை விபத்து நடந்த வட்டத்தின் வருவாய் அதிகாரியிடம், அதாவது வட்டாட்சியர் அல்லது கோட்டாட்சியரிடம் தர வேண்டும். அவர் ஒரு மாதத்துக்குள் அறிக்கை தருவார். மாவட்ட ஆட்சியர் 15 நாள்களுக்குள் ஒப்புதல் அளிப்பார். பொதுக் காப்பீட்டு மன்றம் பணத்தை வங்கிக் கணக்கில் செலுத்தும். ஒரு மாதமாகியும் வாகனத்தைக் கண்டுபிடிக்க முடியாவிட்டால், இந்தத் திட்டத்தைப் பற்றிக் குடும்பத்துக்கு எழுத்துமூலம் தெரிவிக்க வேண்டியது காவல் நிலையப் பொறுப்பதிகாரியின் கடமை என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. கோவையைச் சேர்ந்த எலும்பு அறுவை மருத்துவர் ராஜசேகரன் தொடுத்த பொதுநல வழக்கில் வந்த உத்தரவு இது. பின்னர் வாகனம் கண்டுபிடிக்கப்பட்டு முழு இழப்பீடு கிடைத்தால், இந்த 2 லட்சம் அதில் சரிக்கட்டப்படும்.

எதிர் வாகனத்துக்குக் காப்பீடு இல்லை, அல்லது ஓட்டுநருக்கு உரிமம் இல்லை என்றால்?

இரண்டும் வேறு வேறு நிலைமைகள். காப்பீடு இருந்து, உரிமம் இல்லாதது போன்ற விதிமீறல் மட்டும் இருந்தால், காப்பீட்டு நிறுவனம் முதலில் குடும்பத்துக்குப் பணத்தைக் கொடுத்துவிட்டுப் பிறகு வாகன உரிமையாளரிடமிருந்து வசூலித்துக்கொள்ளும்படி தீர்ப்பாயங்கள் உத்தரவிடுவது வழக்கம்.

காப்பீடே இல்லாவிட்டால் உரிமையாளர்தான் தர வேண்டும். அவரிடம் சொத்து இல்லாவிட்டால் வசூலிப்பது கடினம். காப்பீடில்லாத வாகனத்தைப் போதிய பிணை இல்லாமல் விடுவிக்கக் கூடாது என்ற விதி இருப்பதால், அதைச் சுட்டிக்காட்டி உடனே ஆட்சேபிக்க வேண்டும். வண்டியை விற்றுவிட்டேன் என்று பதிவுச் சான்றில் பெயர் உள்ளவர் தப்பிக்க முடியாது. பெயர் மாற்றப்படாதவரை அவரே உரிமையாளர்.

பின்னிருக்கையில் அமர்ந்து சென்றவர் இறந்தால், அந்த வண்டிக்கு எந்த வகைக் காப்பீடு என்று பார்க்க வேண்டும். மூன்றாம் தரப்புக்கு மட்டுமான காப்பீடு பின்னால் அமர்ந்தவரைப் பொதுவாக உள்ளடக்காது; முழுமையான பேக்கேஜ் பாலிசி உள்ளடக்கும்.

தானே ஓட்டிச் சென்று, வேறு யாரும் மோதாமல் இறந்தவருக்கு?

மூன்றாம் தரப்பு இழப்பீடு கிடைக்காது. ஆனால் உரிமையாளரே ஓட்டியிருந்து, உரிமமும் இருந்தால், காப்பீட்டோடு கட்டாயமாக எடுக்கப்படும் தனிநபர் விபத்துக் காப்பில் 15 லட்சம் ரூபாய் வரை உண்டு. காப்பீட்டுப் பத்திரத்தில் அதற்கெனத் தனியாகப் பிரீமியம் கட்டப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். இதை அந்தக் காப்பீட்டு நிறுவனத்திடமே நேரடியாகக் கேட்க வேண்டும்.

எல்.ஐ.சி. பணமும் குடும்ப ஓய்வூதியமும் வந்தால் அவற்றைக் கழிப்பார்களா?

கழிக்கக் கூடாது. இறந்தவர் பிரீமியம் கட்டிச் சேர்த்தது அது. மோதியவருக்கு அதில் ஆதாயம் இருக்கக் கூடாது.

வேலை நேரத்தில் விபத்து நடந்திருந்தால்?

லாரி ஓட்டுநர், கிளீனர் போன்றோரின் குடும்பங்கள் வேலையின்போது நேரும் விபத்துக்கான தொழிலாளர் இழப்பீட்டுச் சட்ட விதிகளின்படியும் கேட்கலாம். ஆனால் இரண்டில் ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்க முடியும். எதிர்த்தரப்பு வாகனத்தின் மீது தவறு இருந்தால் தீர்ப்பாயம் பெரும்பாலும் லாபம். ஓட்டுநர் மீதே தவறு என்றால் தொழிலாளர் சட்டம் கைகொடுக்கும்.

வழக்கறிஞர் தொகையில் இத்தனை சதவீதம் என்று கேட்கிறார். அது சரியா?

சரியல்ல. வழக்கின் முடிவைப் பொறுத்துக் கட்டணம் பேசுவதையும், கிடைக்கும் தொகையில் பங்கு பெறுவதையும் இந்திய வழக்கறிஞர் கழக விதிகள் தடை செய்கின்றன. பிணவறை வாசலில் நின்றுகொண்டு, எல்லாம் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்று வெற்றுத் தாளிலும் வக்காலத்திலும் கையெழுத்து வாங்கும் தரகர்களைத் தமிழ்நாட்டில் எந்த ஊரிலும் காணலாம். அந்த நிலையில் யாருக்கும் கையெழுத்திட வேண்டாம். ஆறு மாத அவகாசம் இருக்கிறது. பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவானாலும் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழு மூலம் இலவச வழக்கறிஞர் கிடைப்பார். பெரும்பாலான இறப்பு வழக்குகளில் மனைவியோ தாயோ மனுதாரராக இருப்பதால், இந்த உதவி பல குடும்பங்களுக்கும் பொருந்தும்.

மக்கள் நீதிமன்றத்தில் சமரசம் செய்துகொள்ளலாமா?

செய்துகொள்ளலாம். விரைவில் முடியும். ஆனால் அங்கே வழங்கப்படும் தீர்வு இறுதியானது, மேல்முறையீடு கிடையாது. எனவே போகும் முன் மேலே சொன்ன கணக்கை ஒரு தாளில் போட்டுப் பார்த்து, காப்பீட்டு நிறுவனம் சொல்லும் தொகை எந்தப் படியில் குறைகிறது என்று கேட்க வேண்டும். பெரும்பாலும் வருமானத்தைக் குறைத்திருப்பார்கள். சில நேரங்களில் எதிர்கால வளர்ச்சியைச் சேர்க்காமலே விட்டிருப்பார்கள். ஆண்டுக்கணக்கில் அலையாமல் இருப்பதற்காகச் சிறிது விட்டுக்கொடுப்பது குடும்பத்தின் முடிவு. கணக்கே தெரியாமல் பாதியை விட்டுக்கொடுப்பதைச் சமரசம் என்று சொல்ல முடியாது.

பணம் யார் கைக்கு, எப்படி வரும்?

தீர்ப்பு வந்த 30 நாள்களுக்குள் எதிர்த்தரப்பு தொகையைச் செலுத்த வேண்டும். வயது வந்தோரின் பங்கு அவரவர் வங்கிக் கணக்குக்குச் செல்லும். பிள்ளைகளின் பங்கு அவர்கள் 18 வயதை அடையும்வரை தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் நிரந்தர வைப்பாக இருக்கும். அதன் வட்டியை மூன்று மாதங்களுக்கு ஒருமுறை தாய் எடுத்துக்கொள்ளத் தீர்ப்பாயங்கள் அனுமதிப்பது வழக்கம். படிப்புக்கோ மருத்துவத்துக்கோ அசலில் ஒரு பகுதி தேவைப்பட்டால், கல்விக் கட்டண ரசீது போன்ற சான்றோடு அதே தீர்ப்பாயத்தில் மனு செய்யலாம்.

தொகை குறைவு என்று தோன்றினால்?

90 நாள்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை. பிரச்சினைக்குரிய தொகை ஒரு லட்சம் ரூபாய்க்குக் குறைவாக இருந்தால் மேல்முறையீடு இல்லை. காப்பீட்டு நிறுவனம் மேல்முறையீடு செய்தாலும், தொகையில் ஒரு பகுதியைக் குடும்பம் எடுத்துக்கொள்ள அனுமதி கேட்கலாம்.

அரசுப் பேருந்து மோதியது. தீர்ப்பு வந்தும் பணம் வரவில்லை. என்ன செய்வது?

தமிழ்நாட்டின் அரசுப் போக்குவரத்துக் கழகங்களின் பேருந்துகள் பெரும்பாலானவற்றுக்குத் தனியார் வாகனங்களைப் போலக் காப்பீடு எடுக்கப்படுவதில்லை. சட்டம் அதற்கு விலக்கு அளிக்கிறது. எனவே கழகமே பணத்தைக் கட்ட வேண்டும். இதனால்தான் தாமதம். தீர்ப்பை நிறைவேற்றித் தரக் கோரும் நிறைவேற்று மனுவை அதே தீர்ப்பாயத்தில் தாக்கல் செய்தால், பேருந்தை ஜப்தி செய்ய உத்தரவு கிடைக்கும். நீதிமன்ற ஊழியரான அமீனா பேருந்து நிலையத்துக்குப் போய், பயணிகளை இறக்கிவிட்டு, பேருந்தை நீதிமன்ற வளாகத்துக்குக் கொண்டுவந்து நிறுத்தும் செய்தியை நாளிதழ்களில் அடிக்கடி படித்திருப்பீர்கள். தனியார் தரப்பு கட்டாவிட்டால், தீர்ப்பாயம் தரும் சான்றிதழின் பேரில் மாவட்ட ஆட்சியர் நிலவரி பாக்கியைப் போல வசூலிக்கலாம். நிறைவேற்று மனு நிலுவையில் இருக்கும் நாள்களுக்கும் வட்டி ஓடிக்கொண்டேதான் இருக்கும். கணக்கு முடிக்கும்போது அந்த வட்டியையும் சேர்த்துக் கேட்க மறக்க வேண்டாம்.